கருப்புக் காரின் மேல் விழுந்த சில்வர்

கருப்புக் கார் வாங்குகிறவர்கள் யாரும் அதைத் துடைக்கப் போவதில்லை. இதை நான் கோபத்தில் சொல்லவில்லை. கோபப்படுகிற தெம்பெல்லாம் எப்போதோ போய்விட்டது. எங்கள் முதலாளி கருப்பு நிறத்தில்தான் வேண்டும் என்று பிடிவாதமாக மதுரையில் போய் அந்தக் காரை எடுத்தார். நான்தான் ஓட்டிக்கொண்டு வந்தேன். சிவகாசி எல்லையைத் தொடுவதற்குள்ளேயே பானெட்டின் மேல் கரிசல் புழுதி ஒரு விரல் எழுதும் அளவுக்குப் படிந்துவிட்டது. பின் சீட்டில் முதலாளி சந்தோஷமாக இருந்தார். எனக்கு அப்போதே தோள்பட்டை வலித்தது.

இரண்டாயிரத்து ஐந்தோ ஆறோ இருக்கும். அந்தக் காரை நான் தினமும் இரண்டு வேளை துடைத்தேன். எங்கள் பக்கத்தில் தூசிக்குப் பஞ்சமே கிடையாது. ரோட்டில் இருந்து கரிசல் மண், அச்சாபீஸ்களில் இருந்து பேப்பர் தூசி, பட்டாசுக் கம்பெனிப் பக்கம் போனால் வெடிமருந்துத் தூசி. வெள்ளைக் காராக இருந்தால் இதில் பாதி கண்ணுக்குத் தெரியாது. கருப்பு எல்லாவற்றையும் காட்டிக்கொடுத்துவிடும்.

டிரைவராவதற்கு முன்னால் இதே முதலாளியின் பட்டாசுக் கம்பெனியில், வெம்பக்கோட்டைப் பக்கம், பதினோரு வருஷம் மருந்து ரூமில் இருந்தேன். வெடியுப்பு, கந்தகம், அலுமினியத் தூள் எல்லாவற்றையும் அளந்து, சலித்து, கலக்குகிற இடம் அது. அலுமினியத் தூளை நாங்கள் சில்வர் என்போம். அந்த ரூமில் மற்ற எதை மறந்தாலும் ஒன்றை மறக்கக் கூடாது. சில்வர் இருக்கிற பக்கம் ஈரம் போகக் கூடாது, பட்டால் மருந்து தானாகச் சூடேறி வெடித்துவிடும். தண்ணீர் குடித்துவிட்டு வாயைத் துடைத்த கையோடு உள்ளே வந்தால் திட்டு விழும். வானம் மூடிக்கொண்டு வந்தால் வேலையை நிறுத்திவிடுவோம்.

அப்படியும் ஒரு மழைக்காலத்தில் நடந்துவிட்டது. முந்தின நாள் கலந்து தட்டில் வைத்திருந்த மருந்தில் எப்படியோ ஈரம் கோத்திருக்கிறது. காலையில் தட்டின் அடியில் கையைக் கொடுத்துத் தூக்கப் போனேன். சுட்டது. அடுப்பில் இருந்து இறக்கிய சட்டி மாதிரி சுட்டது. நான் கத்தினேனா, கத்தாமலே ஓடினேனா என்று எனக்கு நினைவில்லை. எல்லோரும் ஓடிவிட்டோம். கொட்டகை மட்டும் வெடித்துப் போனது. ஆள் சேதமில்லை என்று ஊரே சாமிக்குத் தேங்காய் உடைத்தது.

எனக்குச் சேதம் இருந்தது. அதற்கப்புறம் மருந்து ரூம் வாசல்படியில் கால் வைத்தாலே கை நடுங்கும். நடுங்குகிற கையோடு அங்கே வேலை பார்க்கக் கூடாது. சூடு கண்ட பூனை அடுப்பங்கரையை நாடாது என்பார்கள், எனக்கோ அடுப்பங்கரையிலேயே பிழைப்பு. லோடு வேனில் ஒட்டிக்கொண்டு வண்டி ஓட்டப் பழகினேன். முதலாளியின் பழைய டிரைவர் வேலையை விட்டுப் போன அன்றே போய் நின்றேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "சரி, நாளைக்கு வந்துரு" என்றார். அன்றைக்கு அவர் எனக்குக் கொடுத்தது வேலை இல்லை, உயிர் என்றுதான் நினைத்தேன். இந்த வேலை போனால் எனக்கு வேறு வேலை தெரியாது. திரும்ப மருந்து ரூம்தான். அதை நினைத்துக்கொண்டேதான் தினமும் காரைத் துடைத்தேன்.

அது ஆடி மாதம். எங்கள் ஊர் ஆடிக்காற்றைப் பற்றித் தெரியாதவர்களுக்குச் சொல்லிப் புரியவைக்க முடியாது. தீபாவளி சீசனுக்குக் கம்பெனி இரவு பகலாக ஆர்டர் வாங்கிக்கொண்டிருந்தது. வடக்கே இருந்து வந்த வியாபாரியோடு முதலாளி ஆபீஸில் பேசிக்கொண்டிருந்தார். அரை மணியில் இரண்டு பேரையும் விருதுநகர் ரயிலடியில் கொண்டுபோய் விட வேண்டும். காரை கேட்டுக்கு வெளியே நிறுத்தியிருந்தேன். அந்த நேரம் பார்த்துத்தான் சில்வர் டப்பா ஏற்றிய வண்டி வந்தது. இறக்கும்போது ஒரு டப்பாவின் மூடி கழன்றது. காற்று ஒரு சுழற்று சுழற்றியது. திரும்பிப் பார்த்தால் என் கருப்புக் கார் சாம்பல் பூசிய சாமியார் மாதிரி நின்றுகொண்டிருந்தது.

கேட்டை ஒட்டி ஒரு குழாய் உண்டு, பக்கத்திலேயே வாளி. வாளியை நிரப்பி, செம்பில் மொண்டு, காருக்குப் பக்கத்தில் வந்துவிட்டேன். ஊற்ற வேண்டியதுதான் பாக்கி. கை மேலே எழவில்லை. காரின் மேல் இருப்பது சில்வர், என் கையில் இருப்பது தண்ணீர். பதினோரு வருஷம் படித்த பாடம் அது. அதோடு அந்தத் தட்டின் சூடு உள்ளங்கையில் அப்படியே வந்தது. செம்புத் தண்ணீரைத் தள்ளிப் போய் மண்ணில் கொட்டினேன். வாளியையும் கவிழ்த்துவிட்டேன். கையை வேட்டியில் நன்றாக ஈரம் போகத் துடைத்துக்கொண்டேன்.

என் மனைவி திருத்தங்கலில் ஓர் அச்சாபீஸில் காலண்டருக்குத் தகரப் பட்டி போடும் வேலை பார்த்தாள். மெஷினில் மை துடைப்பதற்கு அங்கே பனியன் வேஸ்ட் மூட்டை மூட்டையாக வரும். திருப்பூரில் வெட்டிக் கழித்த துண்டுத் துணி. புதுசாகப் பார்த்து நான்கைந்து துண்டு எனக்குக் கொண்டுவந்து கொடுத்திருந்தாள். டிக்கியில் இருந்து அதை எடுத்தேன். தையல் ஓரம் கெட்டியாக இருந்தது, அதைப் பற்றியெல்லாம் அப்போது யார் யோசித்தார்கள். வறட்டுத் துணியை வைத்து அழுத்தி, வட்டம் வட்டமாக, கூரையில் இருந்து டிக்கி வரைக்கும் தேய்த்தேன். துணி சாம்பலாகிவிட்டால் உதறிவிட்டு, திருப்பி வைத்துத் தேய்த்தேன். வியர்வை காரின் மேல் விழுந்துவிடக் கூடாதே என்று முகத்தைத் தள்ளித் தள்ளி வைத்துக்கொண்டேன். கால் மணி நேரத்தில் கார் கண்ணாடியாக மின்னியது. வெளியே வந்த வடக்கத்தி வியாபாரி என்னைப் பார்த்துத் தலையை ஆட்டினார். எனக்குப் பெருமை பிடிபடவில்லை.

ரயிலடியில் அவர்களை இறக்கிவிட்டு, காரை வெயிலில் திருப்பினேன். அப்போதுதான் பார்த்தேன். பானெட் முழுக்க வட்ட வட்டமாகக் கீறல், சிலந்தி வலை பின்னினாற்போல. கதவு, கூரை, டிக்கி, கை பட்ட இடமெல்லாம் அதே. நிழலில் ஒன்றும் தெரியவில்லை. வெயில் பட்டதும் நான் எப்படித் துடைத்தேன், எங்கே அழுத்தினேன், எங்கே திரும்பினேன் என்று ஒவ்வொன்றையும் எழுதிவைத்தது மாதிரி தெரிந்தது. ரயிலடி வாசலில் அப்படியே குத்தவைத்து உட்கார்ந்துவிட்டேன். கார் வாங்கி இரண்டு மாதம்கூட ஆகவில்லை.

உடனே சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. சொன்னால் "நீ வண்டிக்கு லாயக்கில்லை, போய் உன் பழைய வேலையைப் பாரு" என்று ஒரு வார்த்தை வந்துவிடுமே என்ற பயம். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிற வேலையில் இறங்கினேன்.

விருதுநகர் மாவட்டத்தில் கீறலை மறைக்க நிழல் தேடிக் கார் நிறுத்திய ஒரே டிரைவர் நானாகத்தான் இருப்பேன். எந்தத் தெருவில் எத்தனை மணிக்கு எந்தப் பக்கம் நிழல் விழும் என்பது எனக்கு மனப்பாடம் ஆகிவிட்டது. விருதுநகர்க் கடைத்தெருவில் காலையில் ஒரு பக்கச் சரக்குக் கிட்டங்கிச் சுவர், மதியத்துக்கு மேல் எதிர்ப்பக்கச் சுவர். ஆமத்தூரில் ரோட்டோரப் புளியமரம். வெயிலில் நிறுத்தியே ஆக வேண்டும் என்றால் முதலாளி வருவதற்குள் வண்டியைக் கிளப்பி வாசலுக்கே கொண்டுபோய்க் கதவைத் திறந்து, நான் பானெட்டை மறைத்துக்கொண்டு நிற்பேன்.

ஒருநாள் கேட்டுவிட்டார். "ஏலே, வாசல்ல நிறுத்துன்னா எதுக்குலே அம்புட்டுத் தூரம் தள்ளிக் கொண்டுபோய் நிறுத்துற?"

"வண்டி சூடேறிருமுங்க முதலாளி."

"நல்லாத்தாம்லே பாத்துக்கிடுற வண்டிய" என்று சொல்லிவிட்டு ஏறி உட்கார்ந்தார். திட்டியிருந்தால்கூட அவ்வளவு உறைத்திருக்காது.

ஆவணியில் ஒருநாள் முதலாளி விருதுநகரில் ஒரு சொந்தக்காரர் வீட்டு விசேஷத்தில் பகல் முழுக்க இருந்துவிட்டார். சாப்பிடுவதை விட்டுவிட்டு, அங்கே மதுரை ரோட்டில் கார்களுக்குப் பெயிண்ட் அடிக்கிற ஒருவரிடம் கொண்டுபோய் நிறுத்தினேன். என் வயசுதான் இருக்கும். மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு நின்றவர் பானெட்டில் விரலை வைத்துக்கூடப் பார்க்கவில்லை. தலையைச் சாய்த்து வெயிலுக்கு எதிரே ஒரு தடவை பார்த்தார்.

"யாருண்ணே இதைத் தொடச்சது? கை வலிச்சிருக்குமே."

நான்தான் என்றேன். சில்வர் கதையைச் சொன்னேன். அவர் துண்டை இறக்கிவிட்டுச் சிரித்தார். ஏளனச் சிரிப்பு இல்லை, பரிதாபச் சிரிப்பு.

"அண்ணே, குமிச்சுவச்ச மருந்துல லேசா ஈரம் பட்டு, சூடு வெளிய போக வழி இல்லாம இருந்தாத்தான உங்க பயம் எல்லாம். இது மேல ஒட்டுன தூசி. தண்ணிய வெள்ளமா ஊத்திவிட்டிருந்தா அது பாட்டுக்கு ஓடிப்போயிருக்கும். நீங்க அதைத் துணியில பிடிச்சு வச்சுத் தேச்சிருக்கீக. உப்புத்தாள் போட்டுச் சுரண்டுன மாதிரிதான்."

சரி செய்ய முடியுமா என்று கேட்டேன். ஒரு மூலையில் உள்ளங்கை அகலத்துக்கு மட்டும் காம்பவுண்ட் என்கிற பாலிஷ் பசையைப் போட்டுத் தேய்த்துக் காட்டினார். மெல்லிய கீறல்கள் மறைந்தன. ஆழமாக விழுந்தவை அப்படியே இருந்தன. மேலே கண்ணாடி மாதிரி ஒரு பூச்சுதான் இருக்கிறது, தேய்க்கத் தேய்க்க அதுதான் மெலிந்துகொண்டே போகும் என்றார். "கீறல அழிக்கணும்னா கீறலச் சுத்தி இருக்கறதையும் சேத்துத்தாண்ணே அழிக்கணும். இப்பிடியே விடுங்க. இனிமே கீறலக் கூட்டாம இருந்தாப் போதும்."

கூட்டாமல் இருப்பது எப்படி என்று அவர் நின்ற இடத்திலேயே சொல்லிக் கொடுத்தார். காரைத் தொடுவதற்கு முன்னால் மேலிருந்து கீழே தாராளமாகத் தண்ணீர் விட வேண்டும், கையே வைக்கக் கூடாது. பானெட் சூடாக இருந்தால் ஆறும் வரை பொறுக்க வேண்டும். இரண்டு வாளி. ஒன்றில் வண்டிக்கென்று இருக்கும் ஷாம்பூ கலந்த தண்ணீர், இன்னொன்று துணியை அலசுவதற்கு மட்டும். கூரையில் தொடங்கிக் கீழே வர வேண்டும், சேறு அடிக்கும் கீழ்ப்பகுதிக்கு வேறு துணி. வட்டமாகத் தேய்க்காமல் நேராக இழுக்க வேண்டும். துணி தரையில் விழுந்துவிட்டால் அதை அன்றைக்கு மறந்துவிட வேண்டும். பாத்திரம் விளக்கும் சோப்பு, சலவைத்தூள், மண்ணெண்ணெய் ஒன்றும் கிட்டத்தில் வரக் கூடாது. கடைசியில், நூறு தடவை துவைத்துப் பஞ்சாகிப்போன வேட்டியால் ஒத்தி எடுக்க வேண்டும். "குழந்தைக்கு மூக்குச் சிந்திவிடுற மாதிரி" என்றார். நான் ஒரு மரமண்டை, எல்லாவற்றையும் திரும்பத் திரும்பக் கேட்டேன். அலுத்துக்கொள்ளாமல் சொன்னார்.

ஒன்றை மட்டும் அவர் சுலபமாகச் சொல்லிவிட்டார். கடைசி அலசலுக்கு உப்புத்தண்ணி ஆகாது, காய்ந்தால் வெள்ளை வெள்ளையாகப் புள்ளி விழும், நல்ல தண்ணிதான் வேண்டும் என்று. எங்கள் பக்கத்தில் நல்ல தண்ணி என்றால் குடிதண்ணீர். அதற்குத் தெருவில் குடங்கள் வரிசையில் நிற்கும். என் மனைவி வேலைக்குப் போவதற்கு முன் அந்த வரிசையில் இடம் போட்டுவிட்டுத்தான் உலையே வைப்பாள். முதலாளி வீட்டுத் தொட்டியில் நல்ல தண்ணி இருந்தது, ஆகவே அவர் வீட்டு வாசலில் தினமும் காலையில் இரண்டு குடம் காரின் தலையில் ஊற்றினேன். தெருவில் போகும் பெண்கள் பார்ப்பார்கள். நான் குனிந்த தலை நிமிர மாட்டேன்.

முதல் நாள் அந்தத் தண்ணீரை எட்டி நின்று, முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் ஊற்றினேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும். காரில் சில்வர் ஒரு பொட்டும் இல்லை என்று தெரியும். தெரிந்தும் திருப்பிக்கொண்டேன்.

அதற்கப்புறம் ஒரு கீறல் புதிதாக விழவில்லை. பழையவை போகவும் இல்லை. காலையில் ஒரு மணி நேரம் கழுவுவது, நாள் முழுக்க நிழல் தேடுவது, சாயங்காலம் திரும்பத் தூசி. உடம்பு அலுப்பை விட மறைக்கிற அலுப்பு பெரிசு. வீட்டுக்குப் போனால் பேச்சுக்கொடுக்கக்கூடத் தெம்பு இருக்காது. மனைவியிடம் மட்டும் எல்லாவற்றையும் சொல்லியிருந்தேன். துணி கொடுத்தது தான்தானே என்று அவளுக்கும் உறுத்தல்.

புரட்டாசியில் முதலாளி வெம்பக்கோட்டை அணைக்குப் பக்கத்தில் ஒரு நிலம் பார்க்க வேண்டும் என்றார். உச்சிப்பொழுது. அணைக்கரையில் காரை நிறுத்தச் சொல்லிவிட்டு நடந்து போனார். நான் நான்கு பக்கமும் பார்த்தேன். ஒரு வேலிக்கருவைகூட ஆள் உயரத்துக்கு இல்லை. தண்ணீர் ஒரு பக்கம் மின்னுகிறது, கார் ஒரு பக்கம் மின்னுகிறது. கிளப்பிக்கொண்டு எதிரே போகலாம் என்று சாவியைப் போடுவதற்குள் அவர் திரும்பி வந்துவிட்டார். நிலம் பிடிக்கவில்லை போல. காருக்குப் பத்தடி முன்னால் அப்படியே நின்றார்.

"ஏலே, இங்கன வா. என்னலே இது?"

இறங்கினேன். பானெட்டின் மேல் உள்ளங்கையை வைத்துப் பார்த்தார். வெயிலில் சுட்டிருக்கும், எடுக்கவில்லை. "எவன்லே கீறுனது? இது ஒருநாள்ல விழுந்த மாதிரி தெரியலையே."

"ஒருநாள்லதாங்க முதலாளி விழுந்துச்சு. நாந்தான்." ஆடிக்காற்று, டப்பா மூடி, குழாயடி, செம்பு எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். நிழல் தேடியதையும் சொன்னேன்.

"தண்ணி அங்கனயே இருந்துச்சுல்ல, ஊத்தவேண்டியதுதான?"

"சில்வர்ல எப்பிடிங்க முதலாளி தண்ணி ஊத்த?"

அவர் என்னைப் பார்த்தார். அப்புறம் பானெட்டில் இருந்து கையை எடுத்து என் தோளில் வைத்தார். அத்தனை வருஷத்தில் அவர் என்னைத் தொட்டது அதுதான் முதல் தடவை.

"வண்டி கிடக்குதுலே. தகரம். பெயிண்டு அடிச்சாப் போச்சு." எனக்குக் கண்ணீரே வந்துவிட்டது. இரண்டு மாதம் செத்துச் செத்துப் பிழைத்ததெல்லாம் இந்த ஒரு வார்த்தைக்குத்தானா என்று இருந்தது. அவர் தொடர்ந்தார். "நான் உள்ள இருக்கேன், வெளியூர்க்காரன் இருக்கான், ரயிலுக்கு நேரம் ஆச்சு. அம்புட்டு அவசரத்துலயும் உனக்கு சில்வர்ல தண்ணி படக்கூடாதுன்னு தோணிருக்கு பாரு. இப்ப மருந்து ரூம்ல இருக்கவனுகளுக்கு அந்தப் பயமே கிடையாதுலே. ஈரக் கையோட வாரானுக. சொன்னா சிரிக்கானுக. சீசன் முடியறதுக்குள்ள என்ன ஆகுமோன்னு எனக்குச் சோறு இறங்கல." தோளில் இருந்த கையை ஒரு அழுத்து அழுத்தினார். "நீ ரூமுக்கு வந்துரு. கலவை முழுக்க உன் பொறுப்பு. உன்னை மாதிரி பயந்தவன் ஒருத்தன் இருந்தாத்தாம்லே அங்கன இருக்க பத்துப் பேரும் வீடு போய்ச் சேருவாக. வண்டிக்கு நான் வேற ஆளப் பாத்துக்கிடுறேன்."

என் பயத்தை நான் குற்றத்துக்குக் காரணமாகச் சொன்னேன். அவர் அதையே தகுதியாக எடுத்துக்கொண்டார். அவர் மேல் தப்பு சொல்ல முடியாது, மனசாரச் சொன்னார். ஒரு நிமிஷத்துக்கு முன்னால் மன்னிப்பு வாங்கியவன் அடுத்த நிமிஷம் எப்படி மறுப்பான்? "சரிங்க முதலாளி" என்றேன். சிவகாசி வரைக்கும் அவர் நல்ல குஷியாகப் பேசிக்கொண்டு வந்தார்.

சாயங்காலம் வீட்டுக்குப் போனேன். என் முகத்தைப் பார்த்ததுமே மனைவிக்குத் தெரிந்துவிட்டது.

"பாத்துட்டாரா? ரொம்ப ஏசுனாரா?"

"ஏசல. தட்டிக்கொடுத்தாரு."

"பின்ன எதுக்கு இப்பிடி உக்காந்திருக்கீக?"

சொன்னேன். அவர் சொன்ன வார்த்தை ஒன்று விடாமல் சொன்னேன். அவள் எழுந்துபோய்த் தகரப் பெட்டியைத் திறந்தாள். மருந்து ரூமுக்கு நைலான் கலந்த துணி போட்டுக்கொண்டு போகக் கூடாது, பருத்திதான். அடியில் கிடந்த என் பழைய பருத்திச் சட்டையை எடுத்து உதறினாள். ஒரு பொத்தான் இல்லை. ஊசியில் நூலைக் கோத்துக்கொண்டு வாசல் வெளிச்சத்தில் உட்கார்ந்து தைக்க ஆரம்பித்தாள். எனக்குப் பயமாக இருந்தது. போக வேண்டாம் என்று அவளாவது சொல்ல மாட்டாளா என்று இருந்தது.

நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள். சட்டையை மடியில் வைத்துத் தடவிக்கொண்டே, என்னைப் பார்க்காமல் கேட்டாள்.

"வீடு வந்து சேருற அந்தப் பத்துப் பேருல நீங்களும் உண்டான்னு கேட்டீகளா?"

நான் கேட்டிருக்கவில்லை.